சோற்றோடு ஒரு கொய்யா

ஆஸ்பத்திரிக்கு நோயாளியைப் பார்க்கப் போகிறவர் பையில் என்ன இருக்கும் என்று யோசிக்க வேண்டியதே இல்லை. ஆப்பிள், சாத்துக்குடி, கொஞ்சம் வசதி உள்ளவரென்றால் மாதுளை. கொய்யா வாங்கிக்கொண்டு போகிறவர் அபூர்வம். பப்பாளியைச் சுமந்துகொண்டு வார்டுக்குள் நுழைந்தால் நோயாளியின் வீட்டார் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொள்வார்கள். கொல்லையில் காக்கை போட்ட விதையில் தானாக முளைத்துக் காய்ப்பது பப்பாளி. பக்கத்து வீட்டில் மிஞ்சினால் சும்மா கொடுத்துவிட்டுப் போவார்கள். சும்மா கிடைப்பதற்கு உடம்பைத் தேற்றும் சக்தி எங்கிருந்து வரும்?

வரும் என்று பொத்தாம்பொதுவாகச் சொல்லிவிடுவது சுலபம். கொய்யாவுக்கு 'ஏழைகளின் ஆப்பிள்' என்று பட்டம் சூட்டி, நூறு கிராமில் இத்தனை வைட்டமின், இத்தனை தாது என்று பட்டியல் போட்டு முடித்துவிடும் கட்டுரைகள் ஏராளம். அந்தப் பட்டம் எனக்குப் பிடிப்பதில்லை. ஏன் என்று போகப்போகத் தெரியும். பட்டியலிலும் ஒரு சிக்கல் இருக்கிறது. பழத்துக்குள் என்ன இருக்கிறது என்பதைத்தான் அது சொல்கிறது. தின்றவர் உடம்புக்குள் எவ்வளவு போய்ச் சேர்ந்தது என்பது வேறு கேள்வி. இந்த இரண்டாவது அளவை 'உடல்சேர் அளவு' என்று வைத்துக்கொள்வோம். பழக்கடையின் விலைக்கும் இந்த அளவுக்கும் பெரும்பாலும் சம்பந்தமே இல்லை.

ரத்தசோகையிலிருந்து தொடங்கினால் விஷயம் விளங்கும். 2019–21இல் நடந்த ஐந்தாவது தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பின்படி, தமிழ்நாட்டில் 15 முதல் 49 வயது வரையுள்ள பெண்களில் 53.4 சதவீதம் பேருக்கு ரத்தசோகை. இந்திய அளவில் 57 சதவீதம். சோகைக்குக் காரணங்கள் பல உண்டு. ஃபோலேட் குறையலாம், பி12 குறையலாம், குடலில் கொக்கிப்புழு இருக்கலாம். ஆனாலும் பெரும்பங்கு இரும்புச்சத்துக் குறைவுக்கு உண்டு.

புதிர் இங்கேதான். சோறு, பருப்பு, காய், கீரை என்று ஒரு நாள் முழுக்கச் சாப்பிடுவதில் பத்துப் பதினைந்து மில்லிகிராம் இரும்பு இருக்கும். உடம்பு தினமும் இழப்பதோ, மாதவிலக்கில் போவதைச் சராசரியாகச் சேர்த்தாலும், ஒன்று முதல் இரண்டு மில்லிகிராம்தான். தட்டில் பதினைந்து இருக்க, இரண்டுக்கு ஏன் இவ்வளவு தட்டுப்பாடு? இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் 2020இல் வெளியிட்ட பரிந்துரையில் பெண்களுக்கு நாளொன்றுக்கு 29 மில்லிகிராம் இரும்பு வேண்டும் என்று இருக்கிறது. இரண்டு மில்லிகிராம் தேவைக்கு 29 எதற்கு என்றால், நம் சாப்பாட்டிலுள்ள இரும்பில் நூற்றுக்கு எட்டுப் பங்குதான் உள்ளே போகும் என்று வைத்துப் போட்ட கணக்கு அது. மீதி 92 பங்கு வந்த வழியே போய்விடுகிறது.

ஏன் போகிறது? இறைச்சி, மீன், ஈரல் இவற்றில் உள்ள இரும்பில் ஒரு பகுதி ஹீம் என்ற மூலக்கூறின் பாகமாகவே இருக்கிறது. அதைக் குடல் அப்படியே எடுத்துக்கொள்ளும். அரிசி, பருப்பு, கீரையில் இருப்பது அப்படியல்ல. அது பெரும்பாலும் ஃபெரிக் வடிவில் இருக்கிறது, அதாவது மூன்று மின்னேற்றம் கொண்ட மூவேற்ற இரும்பு. குடல் சுவரில் இரும்பை உள்ளே கடத்துகிற புரதம் ஒன்று உண்டு. அது ஃபெரஸ் வடிவத்தை, அதாவது ஈரேற்ற இரும்பை மட்டுமே கடத்தும். டவுன் பஸ்ஸில் ஐந்நூறு ரூபாய் நோட்டை நீட்டினால் என்ன ஆகும்? பணம் இருக்கிறது, பயணம் நடக்காது. யாராவது சில்லறை மாற்றித் தர வேண்டும்.

மாற்றித் தருவது வைட்டமின் சி. மூவேற்ற இரும்புக்கு ஓர் எலக்ட்ரானைக் கொடுத்து ஈரேற்றமாக்குகிறது. அதோடு விடவில்லை. வயிற்றின் புளிப்பிலிருந்து சிறுகுடலுக்குள் இறங்கும்போது புளிப்பு குறையும். அந்த இடத்தில் இரும்பு கரையாமல் படிந்துவிடப் பார்க்கும். வைட்டமின் சி அதைப் பற்றிக்கொண்டு கரைந்த நிலையிலேயே வைத்திருக்கிறது.

எதிர்த்தரப்பும் உண்டு. அரிசியின் தவிட்டிலும் பருப்பிலும் ஃபைட்டேட் என்ற சேர்மம் இருக்கிறது. விதை தன் முளைக்காகப் பாஸ்பரஸைச் சேமித்து வைத்திருக்கும் வடிவம் அது. இரும்பைக் கண்டால் இறுகப் பிடித்துக்கொள்ளும். டீ, காப்பி, கத்தரிக்காய் ஆகியவற்றிலுள்ள பாலிஃபீனால்களும் அப்படித்தான்; நாக்கில் துவர்ப்பாகத் தெரிகிற டானினும் அந்தக் குடும்பமே. ஆக ஒவ்வொரு வேளைச் சாப்பாட்டிலும் இரும்பைப் பிடித்துவைக்கிற பொருள்களும் விடுவிக்கிற பொருள்களும் ஒரே நேரத்தில் வயிற்றுக்குள் இருக்கின்றன. எது மேலோங்குகிறது என்பதைப் பொறுத்தே உடல்சேர் அளவு.

இதெல்லாம் எப்படித் தெரிந்தது? ஒருவர் சாப்பிட்ட இரும்பில் எவ்வளவு உள்ளே போனது என்று பார்ப்பது லேசான காரியமில்லை. உடம்பில் ஏற்கெனவே மூன்று நான்கு கிராம் இரும்பு இருக்கிறது. அதில் இன்று மத்தியானம் வந்த கால் மில்லிகிராமை எப்படி அடையாளம் காண்பது? அடையாளம் போட்டு அனுப்ப வேண்டும். இரும்பு-55, இரும்பு-59 என்று கதிரியக்கம் உள்ள இரண்டு ஐசோடோப்புகள் உண்டு. வேதியியல் நடத்தையில் சாதாரண இரும்புதான். ஆனால் கருவியில் தனித்தனியாகக் காட்டிக்கொடுக்கும். முதல் நாள் ஒரு சாப்பாட்டில் ஒன்றைக் கலந்து கொடுப்பார்கள், மறுநாள் வேறு சாப்பாட்டில் மற்றதை. உள்ளே போன இரும்பில் பெரும்பகுதி புதிய சிவப்பணுக்களுக்குள் போய்ச் சேர இரண்டு வாரம் ஆகும். பிறகு கையில் ரத்தம் எடுத்து எண்ணினால் போதும், எந்தச் சாப்பாட்டிலிருந்து எத்தனை சதவீதம் என்று தெரிந்துவிடும். ஒரே ஆளுக்குள் இரண்டு சாப்பாடுகளையும் ஒப்பிடுவதால் ஆளுக்கு ஆள் உள்ள வேறுபாடு குறுக்கே வராது.

ஆரம்பத்தில் இந்த அடையாளத்தைப் பயிருக்குள்ளேயே ஏற்ற வேண்டியிருந்தது. வெனிசுவேலாவில் மிகேல் லைரிஸ் குழுவினர் கதிரியக்க இரும்பு கலந்த கரைசலில் மக்காச்சோளத்தையும் கறுப்பு பீன்ஸையும் வளர்த்து, அறுத்து, சமைத்துக் கொடுத்தார்கள். அதன் பிறகு 1970களின் தொடக்கத்தில் ஒரு முக்கியமான விஷயம் பிடிபட்டது. இரும்பைச் செடிக்குள் ஏற்ற வேண்டாம், சமைத்த உணவில் வெறுமனே கலந்தாலே ஏறக்குறைய அதே விடைதான் கிடைக்கிறது. அதாவது ஒரு வேளையில் தின்ற தாவர இரும்பெல்லாம் வயிற்றில் ஒன்றாகக் கலந்து ஒரே தொகுப்பாகிவிடுகிறது. இந்தப் 'பொதுத் தொகுப்பு' என்ற கருத்து வேலையை எளிதாக்கியது மட்டுமல்ல, நம் கேள்விக்கும் வாசல் திறந்தது. பழத்தில் இரும்பே இல்லாவிட்டாலும் பரவாயில்லை. அதே வேளையில் தின்ற சோற்றின் இரும்பை அது விடுவிக்கலாம்.

இப்படிப்பட்ட சோதனைகளின் சரித்திரம் முழுக்கப் பெருமைக்குரியதல்ல. 1969இல் இங்கிலாந்தின் கோவென்ட்ரி நகரத்தில் தெற்காசியப் பெண்கள் இருபத்தொரு பேருக்குக் கதிரியக்க இரும்பு கலந்த சப்பாத்தி கொடுத்துச் சோதித்தார்கள். என்ன சாப்பிடுகிறோம் என்பது அந்தப் பெண்களுக்குப் புரிந்திருந்ததா, சம்மதம் முறையாகப் பெறப்பட்டதா என்ற கேள்வி 1995இல் ஒரு தொலைக்காட்சி ஆவணப்படம் வந்த பிறகே பெரிதாக எழுந்தது, இன்னும் அடங்கவில்லை. கதிரியக்கமே இல்லாத இரும்பு-57, இரும்பு-58 ஐசோடோப்புகள் இன்று அந்த இடத்துக்கு வந்துவிட்டன.

இனிப் பழங்களுக்கு வருவோம். ஜோகன்னஸ்பர்க்கின் விட்வாட்டர்ஸ்ராண்ட் பல்கலைக்கழகத்தில் தாமஸ் பாத்வெல் என்ற இரும்பு ஆராய்ச்சியாளரின் குழு, 1987இல் ஒரு முடிவை வெளியிட்டது. சோதனையில் பங்கெடுத்தவர்கள் 234 பெண்கள், எல்லாரும் குழந்தை பெற்றவர்கள், எல்லாரும் தென்னாப்பிரிக்காவில் வாழ்ந்த இந்திய வம்சாவளியினர். 1860 முதல் சென்னையிலிருந்து கப்பலேறி நேட்டால் கரும்புத் தோட்டங்களுக்குப் போனவர்களின் பேத்திகளும் கொள்ளுப்பேத்திகளும் அந்தச் சமூகத்தில் ஏராளம் உண்டு. சோதனைச் சாப்பாடு சோறு. நம் தட்டைப் பற்றிய ஆராய்ச்சி என்று இதைத் தாராளமாக உரிமை கொண்டாடலாம்.

வெறும் சோற்றிலிருந்து உள்ளே போன இரும்பு 2.5 சதவீதம். சோற்றோடு ஆப்பிள், திராட்சை, பீச், அவகாடோ கொடுத்தபோது 1.3 முதல் 2.4 சதவீதம் வரை. அதாவது ஒரு மாற்றமும் இல்லை, இருந்தால் சற்றுக் குறைவு. வாழைப்பழம், மாம்பழம், அன்னாசி, முலாம்பழம் ஆகியவை ஓரளவுக்குக் கூட்டின; 3 முதல் 9 சதவீதத்துக்குள். கொய்யாவோடு 12.6 சதவீதம். பப்பாளியோடு 29.3 சதவீதம்.

முதன்முதலில் இந்த எண்களைப் படித்தபோது அச்சுப்பிழையோ என்று திரும்பப் படித்தேன். சோறு அதே சோறு. கூடுதலாக இரும்பு எதையும் போடவில்லை. கொல்லைப் பழம் ஒன்று கூட வந்ததும் உள்ளே போனது ஐந்து மடங்கு, பத்து மடங்கு. கொய்யாவை ஏழைகளின் ஆப்பிள் என்பது கொய்யாவுக்கு அவமரியாதை என்று நான் நினைப்பதற்குக் காரணம் இதுதான். (கொய்யாவா பப்பாளியா, யார் முதல் என்ற சண்டையை இதை வைத்துப் போட முடியாது. பழத்துக்குப் பழம் தின்ற பெண்கள் வேறு.)

பழத்திலுள்ள வைட்டமின் சியின் அளவுக்கும் உள்ளே போன இரும்புக்கும் நெருங்கிய தொடர்பு தெரிந்தது. கொய்யாவில் நூறு கிராமுக்கு 200 மில்லிகிராமுக்கு மேல் வைட்டமின் சி இருக்கிறது. ஆரஞ்சிலும் பப்பாளியிலும் நாற்பதைச் சுற்றி. ஆப்பிளில் ஐந்துகூட இல்லை. ஆனால் வைட்டமின் சி மட்டுமே கதையில்லை என்பதையும் அதே குழு காட்டியது. தண்ணீரில் வைட்டமின் சியை மட்டும் கரைத்துக் கொடுத்ததைவிட, அதே அளவு வைட்டமின் சி உள்ள நிஜ ஆரஞ்சுச் சாறு நன்றாக வேலை செய்தது. சிட்ரிக் அமிலத்தைத் தனியாகச் சேர்த்துப் பார்த்தபோது இரும்பு இன்னும் கூடுதலாக உள்ளே போனது. புளிப்பு தரும் அமிலங்களும் இரும்பைக் கரைந்த நிலையில் வைத்திருக்க உதவுகின்றன.

ஆப்பிளுக்காகவும் ஒரு வார்த்தை பேச வேண்டும். அதில் நார்ச்சத்து இருக்கிறது, வயிற்றுக்கு இதமானது, மாதக்கணக்கில் குளிர்கிடங்கில் தாங்கும். அந்தத் தாங்கும் குணத்தால்தான் இமாச்சலத்திலிருந்தும் அமெரிக்காவிலிருந்தும் அது திருநெல்வேலி பஜாருக்கு வந்து சேர முடிகிறது. அதன் விலையில் அந்தப் பயணச் செலவும் சேர்ந்திருக்கிறது. கனிந்த கொய்யா மூன்று நாள் தாங்காது, பப்பாளி அழுந்தினால் கன்றிவிடும். தூரம் போக முடியாத பழம் உள்ளூரிலேயே விற்றுத் தீர வேண்டும், அதனால் மலிவு. இந்த ஏற்பாட்டில் சத்து என்ற ஒன்று எந்த இடத்திலும் கணக்கில் வரவில்லை.

இதே குழு 1983இல் காய்களையும் சோதித்திருந்தது. அங்கே நம் வீட்டுப் பாட்டிகளின் அறிவுரைக்கு நேர்மாறாக ஒன்று வந்தது. பாலக் கீரையிலிருந்து உள்ளே போன இரும்பு 1.4 சதவீதம். கத்தரிக்காயிலிருந்து 0.7. கேரட்டும் உருளைக்கிழங்கும் பத்துச் சதவீதத்தை ஒட்டி. பீட்ரூட் 18.5, பரங்கிக்காய் 20.6, தக்காளி 22.4, காலிஃபிளவர் 26.3, முட்டைக்கோஸ் 32. நன்றாகச் செய்தவை எல்லாவற்றிலும் மாலிக், சிட்ரிக், அஸ்கார்பிக் அமிலங்களில் ஒன்றோ இரண்டோ கணிசமாக இருந்தன. அஸ்கார்பிக் அமிலம் என்பது வைட்டமின் சியேதான். மோசமாகச் செய்தவற்றில் ஃபைட்டேட்டோ பாலிஃபீனாலோ தூக்கலாக இருந்தது.

மனக்கணக்காகப் போட்டுப் பாருங்கள். நூறு கிராம் பாலக்கில் சுமார் மூன்று மில்லிகிராம் இரும்பு, அதில் 1.4 சதவீதம் என்றால் 0.04 மில்லிகிராம். நூறு கிராம் கோஸில் அரை மில்லிகிராம்கூட இல்லை; ஆனால் மூன்றில் ஒரு பங்கு உள்ளே போவதால் 0.1 மில்லிகிராமுக்கு மேல். பட்டியலில் ஆறேழு மடங்கு பின்தங்கிய கோஸ், உடம்புக்குள் போய்ச் சேர்வதில் இரண்டு மடங்கு முந்திவிடுகிறது. இது தோராயக் கணக்குதான், கூட எதைச் சாப்பிடுகிறோம் என்பதைப் பொறுத்து மாறும். ஆனால் பட்டியலை மட்டும் பார்த்துச் சமைத்தால் எங்கே ஏமாறுவோம் என்பதற்கு இது போதும்.

பீட்ரூட்டைத் தின்றால் ரத்தம் ஊறும் என்பதும் இங்கே வேறு அர்த்தம் பெறுகிறது. பீட்ரூட்டின் சிவப்பு பீட்டாலெய்ன் என்ற சாயம், மாதுளையின் சிவப்பு ஆந்தோசயனின். இரண்டிலும் இரும்பு கிடையாது. ரத்தத்தின் நிறத்தைப் பார்த்து யாரோ முடிச்சுப் போட்டது. பீட்ரூட் உதவுகிறது, ஆனால் அதன் அமிலங்களால். அதே வேலையை நிறமே இல்லாத கோஸ் இன்னும் நன்றாகச் செய்கிறது.

கீரைக்கு இவ்வளவு பெரிய இரும்புப் பெயர் எப்படி வந்தது? ஒரு காரணம் நம் நீலகிரியோடு சம்பந்தப்பட்டது. குன்னூரில் ராபர்ட் மெக்கரிசன் தொடங்கிய ஊட்டச்சத்து ஆராய்ச்சிக்கூடம்தான் பின்னாளில் ஹைதராபாத்துக்கு இடம்பெயர்ந்து தேசிய ஊட்டச்சத்து நிறுவனமானது. மெக்கரிசனுக்குப் பின் வந்த டபிள்யூ. ஆர். ஐக்ராய்ட், இந்திய உணவுகளில் என்னென்ன சத்து எவ்வளவு என்று பட்டியலிட்டு 1937இல் சிறு வெளியீடாகக் கொண்டுவந்தார். நம் பள்ளிப் பாடங்களிலும் பத்திரிகைகளிலும் வரும் எண்களுக்கு மூதாதை அந்த வெளியீடு. இந்த வரிசையில் பிறகு வந்த பதிப்புகளில் தண்டுக்கீரைக்கு நூறு கிராமுக்கு 25 மில்லிகிராமுக்கு மேல் இரும்பு என்று இருந்தது. பின்னர் அளவை முறைகள் திருந்தியதும் அது நான்கு மில்லிகிராமைச் சுற்றி இறங்கிவிட்டது. கீரையில் ஒட்டிய மண்ணிலும் தூசியிலும் இரும்பு உண்டு. அதையும் சேர்த்து எண்ணினால் எண் வீங்கிவிடும். எண் இறங்கினாலும் பெயர் இறங்கவில்லை.

இதைப் படித்துவிட்டுக் கீரையை நிறுத்திவிடாதீர்கள். ஃபோலேட்டுக்கும் நாருக்கும் கீரை மலிவான வழி. ஆனால் வைட்டமின் ஏ விஷயத்தில் அதே சிக்கல் இன்னொரு முறை வருகிறது. கீரையிலும் பப்பாளியிலும் பரங்கியிலும் உள்ள பீட்டா கரோட்டின் உடம்புக்குள் வைட்டமின் ஏவாக மாறும் என்பது 1930 முதல் தெரிந்த சங்கதி. எனவே கண்பார்வைக்குக் கீரை என்று உலகம் முழுக்கப் பிரச்சாரம் நடந்தது. 1995இல் சாஸ்கியா டி பே என்ற ஆய்வாளரின் குழு மேற்கு ஜாவாவில் பாலூட்டும் தாய்மார்களுக்குத் தினமும் கீரை சமைத்துக் கொடுத்துப் பார்த்தது. ரத்தத்தில் வைட்டமின் ஏ கூடவில்லை. அதே அளவு பீட்டா கரோட்டினைப் பிஸ்கட்டில் கலந்து கொடுத்தபோது கூடியது. தொடர்ந்து பள்ளிக் குழந்தைகளிடம் பார்த்தார்கள். ஒரு மைக்ரோகிராம் வைட்டமின் ஏ கிடைக்க, பழங்களிலிருந்து 12 மைக்ரோகிராம் பீட்டா கரோட்டின் போதும். கீரையிலிருந்தும் கேரட்டிலிருந்தும் 26 தேவைப்பட்டது.

இலைக்குள் கரோட்டின், ஒளிச்சேர்க்கை நடக்கும் பசுங்கணிகத்தில் புரதங்களோடு பின்னிக் கிடக்கிறது. கேரட்டில் அது படிகமாக உறைந்திருக்கிறது. பப்பாளியில் கொழுப்பில் கரைந்தும் குழைந்த திரவப் படிகமாகவும் இருக்கிறது. பிரித்தெடுக்கக் குடலுக்குச் சுலபம். 2014இல் வெளியான ஓர் ஆய்வில் பப்பாளியிலிருந்து உள்ளே போன பீட்டா கரோட்டின், கேரட்டிலிருந்தும் தக்காளியிலிருந்தும் போனதைப் போல் சுமார் மூன்று மடங்கு இருந்தது. மறுபடியும் கொல்லைப் பழம். கீரையை நன்றாக வேகவைத்து, கடைந்து, ஒரு கரண்டி எண்ணெயில் தாளிப்பதும் உதவும். கரோட்டினுக்குக் கொழுப்பு கூட வேண்டும். கடையும்போது செல்சுவர்கள் உடைகின்றன. கீரைக்கடைசலைக் கண்டுபிடித்தவர்கள் இதற்காகச் செய்திருக்க மாட்டார்கள், ஆனாலும் சரியாகச் செய்தார்கள்.

பப்பாளி என்றதும் கர்ப்பிணிகளைப் பற்றிய அச்சம் நினைவுக்கு வரும். பப்பாளிக் காயின் பால் எலிகளின் கருப்பையைச் சுருங்க வைத்தது. கனிந்த பழத்தின் சாறு அப்படிச் செய்யவில்லை. 2002இல் சிங்கப்பூரில் செய்த சோதனை அது. எலிக்கு நடந்தது மனிதருக்கும் பொருந்தும் என்று சத்தியம் செய்ய முடியாது. கர்ப்பிணிக்குக் கொய்யா இருக்கிறது, வீட்டுப் பெரியவர்களோடு வழக்காட வேண்டிய அவசியமும் இல்லை.

கொய்யாவைப் பற்றி ஹைதராபாத்திலிருந்தும் ஒரு சாட்சி உண்டு. தேசிய ஊட்டச்சத்து நிறுவனத்தின் கே. மாதவன் நாயர் குழுவினர், அரசு விடுதிப் பள்ளிகளில் படித்த 13 முதல் 15 வயது வரையுள்ள பதினாறு பேரிடம் கதிரியக்கமற்ற இரும்பைக் கொண்டு சோதித்து 2013இல் முடிவை வெளியிட்டார்கள். சோற்றுச் சாப்பாட்டிலிருந்து பெண்பிள்ளைகளுக்கு உள்ளே போனது சராசரியாக 9.7 சதவீதம், அதே சாப்பாட்டோடு நூறு கிராம் கொய்யா தின்றபோது 23.9. பையன்களுக்கு 8.6 என்பது 19.2 ஆனது. ஜோகன்னஸ்பர்க் அளவுக்கு ஐந்து மடங்கு இல்லை, இரண்டு மடங்குக்கு மேல். கருவி வேறு, காலம் வேறு, தின்றவர்கள் வேறு. போகிற திசை ஒன்றே.

இதில் நேரம்தான் முக்கியம். வைட்டமின் சி சாப்பாட்டோடு வயிற்றில் இருந்தால்தான் பொதுத் தொகுப்பில் கலக்கும். நான்கு மணி நேரம் முன்னால் விழுங்கிய வைட்டமின் சியின் பயன் வெகுவாகக் குறைந்துவிடுவதை 1970களிலேயே அளந்து காட்டிவிட்டார்கள். சாயங்காலம் பஸ் ஸ்டாண்டில் மிளகாய்ப்பொடி தூவித் தின்கிற கொய்யா நாக்குக்கு நல்லது. மத்தியானம் சாப்பிட்ட சாம்பார் சோற்றுக்கு அதனால் பிரயோஜனம் இல்லை. டீக்கும் இதே விதி, தலைகீழாக. சாப்பிட்ட கையோடு டீ குடித்தால் அதன் டானின் நேராகத் தொகுப்பில் கலக்கிறது. ஒரு மணி நேரம் தள்ளிக் குடித்தால் சேதம் மிகக் குறைவு. இரும்பு மாத்திரையை டீயோடு விழுங்குகிறவர்களை நான் பார்த்திருக்கிறேன்; மாத்திரையின் பலனில் ஒரு பகுதி அந்த டம்ளரிலேயே போய்விடலாம்.

சமையலில் வைட்டமின் சி சீக்கிரம் கெட்டுப்போகும் என்பதையும் கணக்கில் எடுக்க வேண்டும். சூட்டில் சிதையும், வெந்த தண்ணீரில் இறங்கிவிடும், நறுக்கி வைத்தால் காற்றுப்பட்டுக் குறையும். பச்சையாகத் தின்கிற பழத்துக்கு இங்கே காயைவிட அனுகூலம் அதிகம். கோஸைப் பொரியல் செய்தால் சீக்கிரம் இறக்கிவிட வேண்டும். எலுமிச்சை சாதத்துக்கு அடுப்பை அணைத்த பிறகு சாறு பிழிகிற வழக்கம் சரியானது.

இனி கொஞ்சம் பிரேக் போட வேண்டும். நான் சொன்ன பெரிய பெரிய மடங்குகள் எல்லாம் ஒரே ஒரு வேளைச் சாப்பாட்டில், வெறும் வயிற்றில் அளந்தவை. நாள் முழுக்கப் பலவிதமாகச் சாப்பிடுகிறவர்களிடம் பல நாள்கள் தொடர்ந்து பார்த்தபோது வைட்டமின் சியின் விளைவு அதைவிடச் சிறியதாகவே இருந்தது. உடம்பும் கண்ணை மூடிக்கொண்டு உறிஞ்சுவதில்லை. கல்லீரல் சுரக்கும் ஹெப்சிடின் என்ற ஹார்மோன் கையிருப்பைப் பார்த்துக் குடலைக் கட்டுப்படுத்துகிறது. இருப்பு போதுமென்றால் வரவை இறுக்கும், குறைந்தால் தளர்த்தும். எனவே பழத்தின் பலன் பற்றாக்குறை உள்ளவருக்கும், இறைச்சி, மீன் அதிகம் சேராத சோற்றுத் தட்டுக்கும்தான் பெரிதாகத் தெரியும். ஹீமோகுளோபின் ஏழுக்குக் கீழே இறங்கியவருக்குக் கொய்யாவைக் கொடுத்துக்கொண்டு காத்திருப்பது ஆபத்து. அவருக்கு வேண்டியது டாக்டரும் மாத்திரையும், சில நேரம் ஊசியும்.

ஒரு வேளையில் கண்ட மாயம் மாதக்கணக்கில் ரத்தத்தில் தெரியுமா என்பதையும் பார்த்திருக்கிறார்கள். இரண்டு சோதனைகள், இரண்டு விதமான விடை. பரோடாவில் சுபத்ரா சேஷாத்ரி குழுவினர் 1985இல் வெளியிட்ட ஆய்வில், சோகை உள்ள சிறு குழந்தைகளுக்கு இரண்டு வேளைச் சாப்பாட்டோடும் நூறு நூறு மில்லிகிராம் வைட்டமின் சி, அறுபது நாள் கொடுத்தார்கள். இரும்பு எதுவும் கூட்டிக் கொடுக்கவில்லை. ஹீமோகுளோபின் ஏறியது. மெக்சிகோ கிராமத்துப் பெண்களுக்கு எலுமிச்சைச் சாறாக வேளைக்கு 25 மில்லிகிராம் வீதம் நாளுக்கு இரண்டு வேளை, வாரத்தில் ஆறு நாள், எட்டு மாதம் கொடுத்தார்கள். அது 2003இல் வந்த ஆய்வு. இரும்பு நிலையில் முன்னேற்றம் இல்லை.

சாப்பிட்டவர்கள் வேறு, சாப்பாடும் வேறு என்பதால் இரண்டையும் நேருக்கு நேர் நிறுத்த முடியாது. ஆனால் அளவில் நான்கு மடங்கு வித்தியாசம் கண்ணில் படுகிறது. ஓர் எலுமிச்சையைப் பிழிந்தால் கிடைப்பது ஏறக்குறைய மெக்சிகோ அளவு. பரோடா அளவுக்குப் போக நினைக்கிறவர் பப்பாளியில் கால் கிலோ எடுக்க வேண்டியிருக்கும். கொய்யாவில் ஐம்பது கிராம் போதும்: நடுத்தரப் பழத்தில் பாதி, சோறு இறங்குவதற்குள் கூடவே தின்றுவிடலாம்.